இனிப்பு ஊறுகாய்: பினாங்கு அக்கா பதில்கள்

கேள்வி (பட்டர்வொர்த்): அக்கா, மாங்காய் இனிப்பு ஊறுகாய் போட்டேன். நாலாம் நாள் மூடியைத் திறந்தா 'புஸ்'ஸுன்னு சத்தம், மேல நுரை. சாப்பிடலாமா?

பதில்: வேணாம்மா, கொட்டிடுங்க. காயில இருந்த தண்ணி இறங்கி பாகு நீர்த்துப் போச்சு. நீர்த்த பாகுன்னா ஈஸ்டுக்குக் கொண்டாட்டம். அடுத்த தடவை உப்புல ஆரம்பிங்க. ஒரு கிலோ துண்டுக்கு 60 கிராம் உப்பு போட்டுப் பிசறி ராத்திரி மூடி வைங்க. காலையில பாத்திரத்தோட அடியில தண்ணி தேங்கி நிக்கும். அதை ஊத்திட்டு, ஒரு தடவை அலசி, துணியில ஒத்தி, ஃபேன் காத்துல உலர விடுங்க. இந்த ஊர் வெயிலை நம்பாதீங்க. மாடியில காய வெச்சுட்டு மார்க்கெட் போனேன், வந்து பார்த்தா மாங்காயெல்லாம் மழைத்தண்ணியில மிதக்குது!

அப்புறம் 600 கிராம் சர்க்கரை, 300 மில்லி வினிகர் கொதிக்க வெச்சு, ஆறினதும் ஊத்துங்க. மூணாம் நாள் பாகை மட்டும் வடிச்சு, மறுபடி கொதிக்க வெச்சு, ஆறவிட்டு ஊத்தணும். பலரும் விட்டுடறது இதைத்தான். அலுமினியச் சட்டி ஆகாது. பாட்டிலை ஃபிரிட்ஜ்ல வைங்க.

கேள்வி (ஆயர் ஈத்தாம்): சௌராஸ்தா மார்க்கெட்டுல விக்கிற ஜாதிக்காய் ஜெருக் (ஊறுகாய்) மாதிரி வரலையே? துவர்க்குது.

பதில்: தோல் சீவினீங்களா? கொட்டையைச் சுத்தி இருக்கிற சதையைத்தான் ஊறப்போடணும். அறுத்த கையோட உப்புத் தண்ணியில போடுங்க, இல்லன்னா கறுத்துடும். தண்ணியை ரெண்டு தடவை மாத்தினா துவர்ப்பு குறையும். பாலிக் புலாவ் பக்கம் போனா முழுக்காயாவே வாங்குங்க. உள்ள இருக்கிற கொட்டையும் சிவப்புப் பத்திரியும் காய வெச்சா மசாலாவுக்கு ஆச்சு.

கேள்வி (சுங்கை பட்டாணி): வீட்டுல பால்மரத்துப் பால் (ரப்பர் பால்) கட்ட வைக்கிற ஆசிட் இருக்கு. கொஞ்சமா ஊத்தலாமா?

பதில்: ஐயோ தம்பி, தொடாதீங்க! பால் உறைய வைக்கிறதுக்கு வழக்கமா ஊத்துறது ஃபார்மிக் ஆசிட், வயித்தையே அரிச்சுடும். கடையில சமையல் வினிகர் வாங்குங்க, லேபிள்ல 5 சதவீதம்னு இருக்கட்டும்.

கேள்வி (கிள்ளான்): சுகர் இருக்கு அக்கா. சர்க்கரைக்குப் பதிலா குலா மேலாக்கா (தென்னை வெல்லம்) போட்டா பரவாயில்லையா?

பதில்: அதுவும் சர்க்கரைதான். வாசம் கூடும், அவ்வளவே.

கேள்வி (ஜெலுத்தோங்): பப்பாளிக்காய் மொறுமொறுன்னு இருக்க?

பதில்: வெத்தலைச் சுண்ணாம்பு ஒரு டீஸ்பூனை ஒரு லிட்டர் தண்ணியில கரைங்க. தெளிஞ்ச நீரை மட்டும் எடுத்து ஒரு மணி நேரம் ஊறவிடுங்க. அப்புறம் நாலு தண்ணி மாத்திக் கழுவுங்க. சுண்ணாம்பு மிச்சம் இருந்தா வினிகரோட புளிப்பை முறிச்சுடும்.