அப்பாவுக்கு சிஆர்டி-டி: சாதாரண பேஸ்மேக்கர் போதாதா?

வணக்கம் சகோ. இஎஃப் (ஒவ்வொரு துடிப்பிலும் இடது கீழறை வெளியேற்றும் ரத்தத்தின் சதவீதம்) 28, ஈசிஜியில் எல்பிபிபி (இதயத்தின் இடப்பக்க மின்பாதையில் தடை), அப்பாவுக்கு சிஆர்டி-டி (இதயத்தின் இரண்டு பக்கத்தையும் ஒருங்கிணைக்கும் கருவி) வைக்கச் சொல்கிறார்கள், சாதாரண பேஸ்மேக்கர் போதாதா என்று கேட்டிருந்தீர்கள். போதாது. அது மெதுவான துடிப்புக்கு. அப்பாவுக்கு இடது கீழறை தாமதமாகச் சுருங்குகிறது; சிஆர்டியின் கூடுதல் வயர் அதையும் தூண்டி, இரண்டு பக்கத்தையும் சேர்ந்து துடிக்க வைக்கும். கடைசியில் வரும் 'டி', துடிப்பு தாறுமாறானால் ஷாக் கொடுக்க.

ஈசிஜி தாளில் க்யூஆர்எஸ் (மின்தூண்டல் கீழறைகள் முழுக்கப் பரவ எடுக்கும் நேரம்) எவ்வளவு? 150 மில்லிசெகண்டைத் தாண்டினால் பலன் கிடைக்க நல்ல வாய்ப்பு. மருந்துகளை முழு அளவில் 3 மாதமாவது கொடுத்துப் பார்த்தார்களா என்றும் கேளுங்கள். கருவி வைத்த பிறகும் மாத்திரை தொடரும்.

கருவி வைத்த பிறகு என் மாமனார் பனியன் மாட்டத்தான் திண்டாடினார், சில வாரம் இடது கையைத் தோளுக்கு மேல் தூக்கக் கூடாதே! முன்பக்கம் பொத்தான் வைத்த சட்டைகளை எடுத்து வையுங்கள்.