வங்கி நடத்தியவர் கலைப் புரவலராகவும், தூதராகவும் இருந்தது மதுரையில் உண்டா?

ஏறக்குறைய உண்டு. எனக்கு முதலில் நினைவுக்கு வருபவர் கருமுத்து தியாகராஜன் செட்டியார். 'தூதராகவும் இருந்திருக்க வேண்டும்' என்று கேட்டிருக்கிறீர்கள். அந்தப் பொருத்தம் மட்டும் இவருக்கு இல்லை.

இளமையில் இலங்கையில் பத்திரிகைப் பணி, தோட்டத் தொழிலாளர்களுக்காகக் குரல். அப்புறம் மதுரை திரும்பி மீனாட்சி மில் என்ற பஞ்சாலையைத் தொடங்கினார். 1943இல் பேங்க் ஆஃப் மதுரா. வட்டிக்கடை வழக்கத்தில் ஊறிய செட்டிநாட்டுப் பின்னணிக்கு வங்கி என்பது பெரிய தாவலும் இல்லை. (அந்த வங்கி 2001இல் ஐசிஐசிஐயோடு இணைந்துவிட்டது, அந்தப் பெயர்ப்பலகையைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இன்னும் அது 'மதுரா பேங்க்'தான்.)

ஆனால் ஆளை அறிய வங்கியை விட 1949இல் தெப்பக்குளம் அருகே தொடங்கிய தியாகராசர் கல்லூரியைத்தான் பார்க்க வேண்டும். ஆலை முதலாளி கல்லூரி கட்டுவது அதிசயமில்லை. அங்கே தமிழ்த்துறைக்கு ஔவை துரைசாமிப் பிள்ளை போன்ற உரையாசிரியரைக் கொண்டுவந்ததுதான் விஷயம். அதே வகுப்பறைகளிலிருந்துதான் கவிஞர்கள் அப்துல் ரகுமானும் மீராவும் வந்தார்கள். புதுக்கவிதைக்குப் பஞ்சாலைப் பணம் மறைமுகமாக உரம் போட்டது என்றுகூடச் சொல்வேன்.

திருப்பரங்குன்றத்தில் அவர் தொடங்கிய பொறியியல் கல்லூரி 1957இல் வந்தது. 1974இல் அவர் மறைந்தார். 'கலைத்தந்தை' என்ற பட்டம் ஊர்ப்பேச்சில் இன்றும் அவர் பெயருக்கு முன்னால் வந்து நிற்கும்.