தையற்பொருட் கடைக்கு முதலில் எதை வாங்குவது?

களுவாஞ்சிக்குடியில் தையற்பொருட் கடை தொடங்கவுள்ள தாங்கள், கையிலுள்ள முதலைக் கொண்டு எல்லா நிறங்களிலும் நூல் வாங்கி அடுக்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். அவ்வாறு செய்ய வேண்டாம் என்பதே என் உறுதியான கருத்து. பாடசாலைச் சீருடைக்கு வெள்ளையும், காத்தான்குடி, கல்முனைப் பக்கங்களில் அபாயா தைப்பவர்களுக்குக் கறுப்பும் தொடர்ந்து தேவைப்படுவதால், இவ்விரண்டையும் பெரிய கூம்புகளாகவும் ஏனைய நிறங்களைச் சிறிய நூல்கட்டைகளாகவும் வாங்குங்கள்.

ஊசியில்தான் மிகுந்த கவனம் வேண்டும். இக்கால வீட்டுத் தையல் இயந்திர ஊசியின் தண்டு (இயந்திரத்தில் பொருத்தும் தடித்த மேற்பகுதி) ஒருபுறம் தட்டையாகவும், தொழிற்சாலை இயந்திர ஊசியின் தண்டு பெரும்பாலும் முழுவதும் உருண்டையாகவும் இருக்கும். ஒன்றுக்குப் பதிலாக மற்றதைக் கொடுத்தால், தையல் விழாமல் வாடிக்கையாளர் திரும்பி வருவார். ஆகவே இரண்டையும் தனித்தனிப் பெட்டிகளில் வைத்து, மெல்லிய துணிக்கான 11, சாதாரண பருத்திக்கான 14, டெனிமுக்கான 16 ஆகிய அளவுகள் தீர்ந்துபோகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். மருதமுனைக் கைத்தறித் துண்டுகளை இணைத்து விரிப்புத் தைப்போர் வந்தால், பருத்தி சுருங்கும் என்பதால் துணியை நனைத்து உலர்த்திய பின்னரே வெட்டுமாறு சொல்லுங்கள்.