ஜிமிக்கி ஏன் அமுங்குகிறது?

கேள்வி: ஆறு மாதமாக க்வில்லிங் காகிதத்தில், அதாவது மெல்லிய வண்ணக் காகித நாடாக்களைச் சுருட்டி, ஜிமிக்கி செய்கிறேன். பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் நாலைந்து தடவை போட்டதும் குடை அமுங்கிவிடுகிறது. போன வாரம் தோழி ஒருத்தி என் அடர்சிவப்பு ஜிமிக்கியைப் போட்டுக்கொண்டு போனாள். வியர்வையில் சாயம் இறங்கி அவளுடைய வெள்ளைக் காலர் பாழ். மூன்று கோட்டிங் வார்னிஷ் அடித்தும் இந்த கதி. இன்னும் எத்தனை கோட்டிங் அடிக்க வேண்டும்? காசுக்கு விற்கலாமா என்றும் ஒரு யோசனை இருக்கிறது.
– பெயர் வேண்டாம் என்று எழுதிய வாசகி

பதில்: முதலில் அந்த வார்னிஷ் டப்பாவைத் தள்ளி வையுங்கள். நோய் உள்ளே இருக்கிறது, நீங்கள் மருந்தை வெளியே தடவிக்கொண்டிருக்கிறீர்கள்.

காகித நாடாவை இறுக்கிச் சுற்றி, அந்த வட்டை நடுவில் அமுக்கிக் குடையாக்கும்போது ஒவ்வொரு சுற்றும் பக்கத்துச் சுற்றிலிருந்து ஒரு மயிரிழை நழுவி மேலேறுகிறது. அந்த நழுவல்கள் சேர்ந்ததுதான் குடையின் வளைவு. நழுவி ஏறியது திரும்ப நழுவி இறங்காமல் பிடித்துக்கொள்ள உள்பக்கப் பசையைத் தவிர வேறு எதுவும் இல்லை. அங்கே பேருக்கு ஒரு தீற்று தீற்றிவிட்டு வெளியே மூன்று முறை வார்னிஷ் அடித்தால் குடை நிற்காது. அதிலும் தண்ணீர் கலந்த வார்னிஷ் என்றால், காயும் முன்பே காகிதத்தை ஊறவைத்து இன்னும் தளர்த்திவிடும்.

குடையைக் கிண்ணம் மாதிரி வாய் மேலே இருக்கும்படி ஒரு பாட்டில் மூடியில் உட்கார வையுங்கள். வெள்ளைப் பசையைத் தூரிகையால் உள்ளே முழுக்கத் தடவுங்கள். சுற்றுகளுக்கு இடையே இறங்க வேண்டும், அடியில் குளமாகத் தேங்கக் கூடாது. இரவு முழுக்கக் காயட்டும். காலையில் எங்காவது வெண்மை தெரிந்தால் அந்த இடம் இன்னும் ஈரம். எல்லாம் கண்ணாடியாகத் தெளிந்த பிறகு இன்னொரு பூச்சு, இன்னொரு இரவு. பிறகு நகத்தால் தட்டிப் பாருங்கள். 'டக்' என்று கேட்டால் சரி. 'தொப்' என்றால் இன்னும் ஒரு நாள் பொறுங்கள். என் முதல் ஜோடியை அவசரப்பட்டு அன்றைக்கே மாட்டிக்கொண்டு கிளம்பினேன். வீடு திரும்பும்போது ஒரு காதில் ஜிமிக்கி, இன்னொரு காதில் தட்டு.

இன்னொன்றையும் கவனியுங்கள். காகிதம் பரப்பைவிட வெட்டிய விளிம்பு வழியாகத்தான் வேகமாக ஈரம் குடிக்கும். க்வில்லிங்கில் நாம் பார்க்கிற முகமே நாடாவின் விளிம்புகள்தான்! அதனால் வார்னிஷ் கட்டாயம் வேண்டும். ஆனால் குடையின் வாய் ஓரத்தையும் கம்பி நுழையும் ஓட்டையையும் விட்டுவிட்டு எத்தனை கோட்டிங் அடித்தாலும் வீண். அந்த ஓட்டையைப் பெரும்பாலும் எல்லோரும் மறந்துவிடுகிறார்கள்.

சாயத்துக்கு வருகிறேன். அடர்சிவப்பும் கருநீலமும் அடிக்கடி இந்த வேலையைக் காட்டும். புதுக் கட்டு பிரித்ததும் ஒரு நாடாவை ஈரமான வெள்ளைத் துணியில் ஒரு நிமிடம் அழுத்திப் பாருங்கள். துணியில் நிறம் ஏறினால் அந்தக் கட்டு வாழ்த்து அட்டைக்குப் போகட்டும், காதுக்கு வேண்டாம். வார்னிஷையும் ஒரு துண்டு நாடாவில் சோதித்துவிடுங்கள். முதல் பூச்சில் தூரிகையை இழுக்காமல் ஒற்றி ஒற்றி வையுங்கள். இழுத்தால் சிவப்பு பக்கத்து வெள்ளை நாடாவுக்குள் ஓடிவிடும்.

ஜிமிக்கியோடு மல்லுக்கட்டி அலுத்துப்போனால் கொஞ்ச நாள் காகித மணிக்கு மாறுங்கள். வழவழப்பான பத்திரிகைத் தாளை அடிப்பக்கம் 2 செ.மீ., நீளம் 25 செ.மீ. உள்ள கூர் முக்கோணமாக வெட்டி, தாளில் பசை தடவி, அகலப் பக்கத்திலிருந்து ஒரு கம்பியில் சுற்ற வேண்டியதுதான். அடிப்பக்க அகலம் மணியின் நீளம். தாள் நீள நீள மணி பருக்கும். அமுங்க அதில் ஒன்றுமில்லை.

விற்பதா? இப்போது வேண்டாம். புது முறையில் ஒரு ஜோடி செய்து ஒரு மாதம் நீங்களே போட்டுப் பாருங்கள். தாங்கினால் விலை வையுங்கள்; காகிதச் செலவை மட்டும் கணக்குப் பார்த்து உங்கள் நேரத்தை இலவசமாகக் கொடுத்துவிடாதீர்கள். கொக்கி மட்டும் நிக்கல் கலக்காததாக இருக்கட்டும், பலருக்கு நிக்கல் பட்டால் காது அரிக்கும். குளிக்கும்போது கழற்ற வேண்டும், சென்ட் அடித்து முடித்த பிறகே மாட்ட வேண்டும் என்று ஒரு சீட்டு எழுதிப் பெட்டிக்குள் வைத்துவிடுங்கள்.

அந்தத் தோழிக்கு முதல் ஜோடியைச் சும்மா கொடுங்கள். சிவப்பு மட்டும் வேண்டாம்.