தகடூர்க் கோட்டை வாசலில் – கடிதம்

அன்புள்ள அண்ணா,

உங்கள் கதையில் வரும் 'நிகழ்வுத் திருத்தவியல்' துறையைப் பற்றிய அத்தியாயங்களை இரண்டு முறை படித்துவிட்டேன். நடந்து முடிந்த ஒரு சம்பவத்தை ஐந்து வருஷம் படித்து, கடைசி செமஸ்டரில் அதற்குள்ளேயே போய் ஒன்றே ஒன்றை மாற்றலாம் என்கிறீர்கள். ஆனால் அந்தத் துறையில் படிக்கும் பெண் தகடூர், அதாவது இன்றைய தர்மபுரிக் கோட்டை வாசல் வரை போய், சேரனிடம் தோற்கப்போகும் அதியமானைக் காப்பாற்றாமல் திரும்பிவிடுகிறாள். கோபமே வந்துவிட்டது. 2003-இல், நான் பாலிடெக்னிக் சேர்ந்த வருஷம், கிணறு வற்றிக் கிடந்தபோது அப்பா இரண்டு ஏக்கரைக் கிணற்றோடு விற்றார். இன்றைக்கு அந்த நிலத்தைத் தாண்டித்தான் மாங்கூழ் ஃபேக்டரிக்கு வேலைக்குப் போகிறேன். அப்படி ஒரு துறை இருந்தால் முதல் விண்ணப்பம் என்னுடையது. திருத்தாமல் திரும்பி வர எதற்கு ஒரு படிப்பு?

ஒரு வாசகன், காவேரிப்பட்டணம்

அன்புள்ள தம்பி,

உங்கள் கோபம் நியாயமானது. அந்த இடத்தை எழுதும்போது அவளை உள்ளே தள்ளிவிட எனக்கும் கை பரபரத்தது. அதியமான்கோட்டையில் பஸ் நிற்கும்போதெல்லாம் கண்டக்டர் அந்தப் பெயரைக் கத்துவதைக் கேட்டு வளர்ந்தவன் நான், அந்த ஆள் தோற்காமல் இருக்கட்டுமே என்றுதான் எனக்கும் ஆசை.

ஆனால் அவள் ஐந்து வருஷம் என்ன படித்தாள் என்று பாருங்கள். தகடூரை வென்ற சேர மன்னன் பெருஞ்சேரல் இரும்பொறையைப் பதிற்றுப்பத்தின் எட்டாம் பத்தில் பாடியவர் அரிசில்கிழார். வென்றவனைப் பாடிப் பரிசு வாங்கிய புலவர். அதே அரிசில்கிழார்தான் புறநானூறு 230-ஆம் பாட்டில், தகடூர்ப் போரில் அதியமான் பக்கம் விழுந்த எழினிக்காகக் கூற்றுவனோடு சண்டைக்கு நிற்கிறார். எழினியின் நாடு எப்படி இருந்ததாம்? கன்றோடு மாட்டு மந்தை காட்டிலேயே தங்கும், நடந்து களைத்த வழிப்போக்கர் நினைத்த இடத்தில் படுத்துக்கொள்வார்கள், களத்தில் குவித்த தானியம் காவல் இல்லாமல் கிடக்கும்.

அந்தக் கடைசி விஷயம் என்னைப் பல வருஷமாக விடவில்லை. பாப்பாரப்பட்டி பக்கம் எங்கள் களத்தில் ராகி தூற்றிக் குவித்ததும் தாத்தா குவியலைச் சுற்றிலும் சாம்பலால் குறி போடுவார், அப்புறம் பக்கத்திலேயே கயிற்றுக் கட்டிலைப் போட்டுப் படுப்பார், விடிந்ததும் முகம் கழுவுவதற்கு முன்னால் குறி எங்கேயாவது கலைந்திருக்கிறதா என்று குனிந்து குனிந்து பார்ப்பார். அந்தக் குறியே தேவைப்படாத ஒரு நாடு இருந்தது என்பதை எதிரியின் புலவர் எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார். அப்படிப்பட்டவனின் உயிரை உண்ட கூற்றுவனைப் பார்த்து, கெட்டு நொடித்த உழவன் விதைக்கு வைத்ததைத் தின்றது போலச் செய்துவிட்டாயே, இழந்தது நீதான் என்கிறார்.

என் கதையில் அவள் கோட்டை வாசலுக்குப் போகும் வழியில் பார்ப்பது அந்தக் குவியலைத்தான். தான் ஐந்து வருஷம் படித்ததெல்லாம் கோட்டையையும் படையையும் பற்றித்தான், களத்தைப் பற்றி ஒரு பக்கம்கூட இல்லை என்பது அங்கேதான் அவளுக்கு உறைக்கிறது. ஒரு சம்பவத்தின் எல்லாப் பக்கத்தையும் சொல்லத் தெரியாதவர் அதைத் தொடக்கூடாது என்பது அந்தத் துறையின் முதல் விதி, மூன்றாம் அத்தியாயத்தில் இருக்கிறது. அவள் இன்னும் படிக்கத்தான் திரும்பி வந்தாள்.

சரி, அது கதை. கதைக்கு வெளியிலும் இது நடக்கிறது. அசோகனின் கல்வெட்டில் சோழர், பாண்டியர், கேரளபுத்திரரோடு சதியபுத்திரர் என்று ஒரு பெயர் வருகிறது, அது யார் என்று அறிஞர்களுக்குள் ரொம்ப காலம் வழக்கு. 1981-இல் திருக்கோவிலூர் பக்கம் ஜம்பையில் பழந்தமிழ் எழுத்தான தமிழியில் ஒரு வரி கிடைத்தது: சதியபுதோ அதியந் நெடுமாந் அஞ்சி. அவ்வளவுதான், வழக்கு முடிந்தது. நாம் குறுநில மன்னன் என்று படித்த அதியமான் பேரரசன் ஒருவன் பெயர் சொல்லிக் கல்லில் வெட்டிய குலத்தவனாகிவிட்டான். உங்கள் மாவட்டத்து மயிலாடும்பாறையில் கிடைத்த இரும்பின் காலம் கி.மு. 2172 என்று 2022-இல் அறிவித்தார்களே, அதுவும் இப்படித்தான். யாரும் காலத்துக்குள் போகவில்லை, தோண்டினார்கள், படித்தார்கள்.

உங்கள் கடிதத்தில் ஒரு வரியை நீங்களே வேகமாகத் தாண்டிப் போயிருக்கிறீர்கள். நிலம் விற்றதும் நீங்கள் பாலிடெக்னிக் சேர்ந்ததும் ஒரே வருஷம். கிணறு வற்றியதால்தான் விற்றார் என்று உங்களுக்கு அப்போதே சொன்னார்களா, பிறகு நீங்களாக நினைத்துக்கொண்டதா? அட்மிஷனுக்கு எவ்வளவு கட்டினார், பத்திரம் எந்த மாசம் எழுதியது, அம்மா அன்றைக்கு என்ன சொன்னார்? அப்பா இருக்கிறார் என்றால் இந்த ஞாயிற்றுக்கிழமையே அவரிடம் உட்கார்ந்து கேளுங்கள். அவர் சொல்வதை அவர் வார்த்தையிலேயே எழுதி எனக்கு அனுப்புங்கள். காத்திருக்கிறேன்.

அன்புடன்,
அண்ணன்