விமான மியூசியத்துல வாலண்டியரா சேர எஞ்சினியரிங் படிச்சிருக்கணுமா? அங்க உண்மையில என்னதான் வேலை நடக்கும்?

படிச்சிருக்க வேணாம். நானே தோட்டத்துத் தமிழ்ப்பள்ளி, அப்புறம் மூணாவது பாரம், அதோட சரி. 34 வருஷம் மலேசியாவுல செம்பனை எண்ணெய் ஆலையில ஃபிட்டர். ஊரு பத்தாங் பெர்ஜுந்தை, பெஸ்தாரி ஜெயானு பேர மாத்தி ரொம்ப வருஷமாச்சு, ஆனா இங்க டீக்கடையில யாரைக் கேட்டாலும் பத்தாங்னுதான் சொல்வாங்க. விமானத்துல ஏறுனதே 58 வயசுலதான், ஆஸ்திரேலியாவுல பெர்த்துல இருக்கிற மகளுக்குக் குழந்தை பொறந்தப்போ.

பிள்ளைப்பேறு வீட்டுல ஆம்பளைக்கு என்ன வேலை சொல்லுங்க. காலையில பசியாறிட்டு வாசல்ல உக்காந்து போற வர காடிய எண்ணிட்டு இருந்தேன், மாப்பிள்ளை பாவம்னு நெனச்சு புல் கிரீக்ல இருக்கிற விமான மியூசியத்துல இறக்கிவிட்டுட்டு வேலைக்குப் போயிட்டாரு. உள்ள போனா கூரைக்குக் கீழ ஒரு லங்காஸ்டர் நிக்குது, ரெண்டாம் உலகப் போர்ல குண்டு போடுறதுக்குச் செஞ்ச விமானம். ரெக்கை இந்த முனையிலிருந்து அந்த முனைக்கு 31 மீட்டர், நாலு எஞ்சின், நம்ம தோட்டத்துப் பழைய லயத்து வரிசை வீட்டுல பாதிய அதுக்குக் கீழ வச்சிடலாம். 1945ல செஞ்சது, சண்டைக்குப் போறதுக்குள்ள சண்டையே முடிஞ்சு போச்சு, அப்புறம் பிரெஞ்சு கடற்படை வாங்கி நியூ கலிடோனியா பக்கம் ஓட்டியிருக்காங்க, 1962ல பெர்த்துக்குச் சும்மாவே குடுத்துட்டாங்க. இந்த வகையில 7,377 செஞ்சாங்களாம், இன்னைக்கு உலகத்துலயே பறக்கிற நிலையில இருக்கிறது ரெண்டே ரெண்டு, ஒண்ணு இங்கிலாந்துல, ஒண்ணு கனடாவுல. எனக்கு என்னமோ அந்தக் குண்டு போடுற கதையில மனசு ஒட்டல. எஞ்சினைத்தான் பாத்துட்டே நின்னேன், மெர்லின், 12 சிலிண்டர், 27 லிட்டர். அங்க நின்ன பெரியவர் ஒருத்தர், 80 வயசு தாண்டியிருக்கும், "நீ மெக்கானிக்கா?"னு கேட்டாரு. எப்படித் தெரியும்னு கேட்டேன், எல்லாரும் மூக்கைப் பாக்குறாங்க நீ மட்டும் நட்டைப் பாக்குறன்னாரு.

அங்க ஆரம்பிச்சதுதான். நான் வேலை செஞ்சது அந்த மியூசியத்துல இல்ல, அவர் சேத்துவிட்ட வேற ஒரு சின்னக் குழு, அவங்கள கேக்காம பேரு போடுறது சரியில்ல, விட்டுடறேன். மொத்தமே ஒரு பத்துப் பேரு, பாதிப் பேரு ரிடையர் ஆனவங்க, அதுல ஒருத்தர் பல்லு டாக்டர், ஒரு டீச்சரம்மா, ஒரு பஸ் டிரைவர். விமானத் தொழில்ல இருந்தவங்க ரெண்டு மூணு பேருதான்.

முதல் நாள் என்ன குடுத்தாங்க தெரியுமா, ஒரு பழைய டூத் பிரஷ்ஷு, ஒரு பிளாஸ்டிக் சுரண்டி, ஒரு நோட்டுப் புத்தகம். அலுமினியத் தகட்டுல வெள்ளையா மாவு மாதிரி பூத்திருக்கும், அதுதான் அலுமினியத்தோட துரு. இரும்புத் துரு கண்ணுக்குத் தெரியும், இது தகட்டுக்குள்ளயே புகுந்து ஏடு ஏடா உரிச்சிடும், மேல பெயிண்டு நல்லாத்தான் இருக்கும், விரலால அழுத்துனா உள்ள போயிடும். மெக்னீசியத்துல செஞ்ச சாமான் இன்னும் மோசம். இதையெல்லாம் சுரண்டி, எங்கெங்க இருக்குன்னு எழுதி, போட்டோ எடுத்து, கழட்டின ஒவ்வொரு போல்டையும் தனித்தனிப் பையில போட்டு சீட்டு எழுதி ஒட்டணும். நாலு மணி நேரத்துல ரெண்டு அடி முடிச்சா பெரிய விஷயம். நம்ம ஆலையில மில்லு நின்னா மேனேஜர் பின்னாலயே நின்னு கத்துவாரு, ராத்திரியோட ராத்திரி ஓட விட்டாகணும், அப்படி வளந்த கை இது, முதல் ரெண்டு வாரம் எனக்குப் பைத்தியம் பிடிச்சிடுச்சு.

ரிவிட், அதான் தகட்டைச் சேத்துப் பிடிக்கிற ஆணி, அதைக் கழட்டுறது ஒரு கலை. தலைய மட்டும் டிரில் போட்டு எடுத்துட்டு மீதிய மெதுவா தட்டித் தள்ளணும், டிரில் கொஞ்சம் சாஞ்சா ஓட்டை பெருசாயிடும், அப்புறம் அங்க அடுத்த சைஸ் ரிவிட்தான் ஏறும். திரும்ப அடிக்கிறப்போ ரெண்டு ஆள் வேணும், வெளிய ஒருத்தர் கன் வச்சு அடிக்க, உள்ள ஒருத்தர் இரும்புக் கட்டியப் பிடிச்சு முட்டுக் குடுக்கணும். ஒருத்தர் மூஞ்சி ஒருத்தருக்குத் தெரியாது, தகட்டுல தட்டித்தான் பேச்சு. நானும் அந்த டீச்சரம்மாவும் ஜோடி, அந்தம்மாவுக்கு என் இங்கிலீஷ் புரியாது எனக்கு அவங்க ஆஸ்திரேலியா இங்கிலீஷ் புரியாது, தட்டல் மட்டும் நல்லாப் புரிஞ்சுது.

இப்ப என் பெருமைய கொஞ்சம் சொல்லிக்கிறேன். ஒரு நாள் பழைய மெர்லின் எஞ்சின்ல ஒரு சாமானைக் கழட்டணும், யாரோட ஸ்பேனரும் உக்காரல. மில்லிமீட்டரும் இல்ல, அமெரிக்கன் இஞ்சும் இல்ல. எனக்குப் பாத்ததும் தெரிஞ்சு போச்சு, விட்வொர்த் சைஸு, பழைய பிரிட்டிஷ் மரை அளவு. எங்கப்பா கித்தா, அதான் ரப்பர் ஃபேக்டரியில எஞ்சின் டிரைவர், அங்க இருந்த மெஷின் எல்லாம் தொரைங்க காலத்துல இங்கிலாந்துல இருந்து வந்தது, அதுக்குன்னு தனி ஸ்பேனர் செட்டு. அதுல அரை இஞ்சுன்னு அடிச்சிருக்கும், ஆனா வாயை அளந்தா ஒரு இஞ்சுக்குக் கொஞ்சம்தான் கம்மி, ஏன்னா அந்த நம்பர் போல்டோட தடிமன், நட்டோட அகலம் இல்ல. அதுலயும் பிஎஸ்எஃப்னு இன்னொரு மரை இருக்கு, நுணுக்கமான மரை, நட்டு ஒரு சைஸ் சின்னது, அதனால ஒரே ஸ்பேனர்ல ரெண்டு நம்பர் அடிச்சிருக்கும். இதை நான் சொல்லச் சொல்ல பல்லு டாக்டர் நோட்டுல எழுதிக்கிட்டாரு, எனக்கு மீசை முறுக்காத குறைதான். இன்னொண்ணு பிறகு தெரிஞ்சுகிட்டேன், மெர்லின் எஞ்சின் 55,000க்கு மேல அமெரிக்காவுல பேக்கார்டுங்கிற காடிக் கம்பெனி செஞ்சிருக்கான், அவனும் இதே பிரிட்டிஷ் மரையிலதான் செஞ்சான், அந்த மரை வெட்டுற கருவியெல்லாம் அமெரிக்காவுல கிடைக்காம அவனே செஞ்சுகிட்டானாம். சண்டை நேரத்துல எந்த நாட்டு சாமானும் எந்த எஞ்சின்லயும் மாட்டணும் இல்லையா.

அடுத்த வாரமே அந்தப் பெருமை இறங்கிடுச்சு. துருப்பிடிச்ச ஸ்குரூ எல்லாம் பாக்கவே கேவலமா இருக்கேன்னு என் காசுல பளபளன்னு ஸ்டெயின்லெஸ் ஸ்குரூ வாங்கிட்டுப் போய் யாரையும் கேக்காம எட்டு மாட்டிட்டேன். அந்தப் பெரியவர் பாத்தாரு, ஒண்ணும் பேசல, எட்டையும் கழட்டி என் கையிலயே குடுத்தாரு. ஸ்டெயின்லெஸ்ஸும் அலுமினியமும் ஒட்டி உக்காந்து ஈரம் பட்டா பேட்டரி மாதிரி வேலை செஞ்சு அலுமினியத்தைத் தின்னுடும், அதுக்குத்தான் அந்தக் காலத்துலயே கேட்மியம் பூச்சு போட்ட ஸ்குரூ போட்டாங்க. அதுவுமில்லாம அந்தத் தலை அந்த வருஷத்துத் தலையே இல்ல. புதுசா மாத்துறதா இருந்தா மாத்தினேன்னு எழுதி வச்சுட்டு மாத்து, எழுதாம மாத்துனா அது பொய்யின்னாரு. ஆலையில 34 வருஷத்துல ஒரு மேனேஜரும் இப்படி அமைதியா என்னைத் திட்டினதில்ல.

ஆபத்தும் இருக்கு, சேரணும்னு நெனக்கிறவங்க இதை மட்டும் கவனமா படிங்க. பழைய டயல்ல இருட்டுல மின்னுறதுக்கு ரேடியம் பூசியிருப்பாங்க, இப்ப மின்னாது, பெயிண்டு செத்துப் போச்சு, ஆனா ரேடியத்தோட வீரியம் பாதியாக 1,600 வருஷம் ஆகும். கண்ணாடியத் திறந்து ஊதிப் பாக்குற வேலையே வேணாம். பச்சை மஞ்சளா உள்ள பூசியிருக்கிற பிரைமர்ல குரோமேட், காஞ்ச தூளைச் சுவாசிக்கக் கூடாது. ஆஸ்பெஸ்டாஸும் இருக்கும். மாஸ்க் போடாம வீரம் காட்டுனா வெளிய அனுப்பிடுவாங்க, அனுப்பணும்.

பறக்காத விமானத்துக்கு ஏன் இவ்வளவு பாடுன்னு என் மகளும் கேட்டா. அவளுக்கு நான் சொன்னது கட்டலினா கதைய. 1942ல சிங்கப்பூர் ஜப்பான்காரன் கையில போனதும் ஆஸ்திரேலியாவுக்கும் இங்கிலாந்துக்கும் நடுவுல இருந்த விமானப் பாதை அறுந்து போச்சு. அதுக்காக 1943லிருந்து 1945 வரைக்கும் குவாண்டாஸ்ங்கிற ஆஸ்திரேலிய விமானக் கம்பெனி கட்டலினா கடல் விமானத்தை பெர்த்துல இருந்து சிலோன்ல கொக்கலைக்கு நிக்காம ஓட்டுச்சு, 27 மணி நேரத்துக்கு மேல, சூரியன் ரெண்டு தடவை உதிக்கிறதைப் பாக்கலாம், பயணிங்க மூணே பேரு, மொத்தம் 271 தடவை. ஜப்பான்காரன் போட்ட சயாம் ரயில் பாதை வேலைக்கு எங்க தாத்தாவோட அண்ணனப் பிடிச்சுட்டுப் போன அதே வருஷங்கள்ல நமக்கு மேற்குப் பக்கம் கடல் மேல இந்த விமானங்க போய்ட்டு வந்துட்டு இருந்திருக்கு. அந்தப் பாதையில ஓடுன விமானங்கள சண்டை முடிஞ்சதும் கடல்ல மூழ்கடிச்சுட்டாங்க. அந்த வகை விமானம் ஒண்ணு புல் கிரீக்ல நிக்குது, பக்கத்துல நின்னு பாத்தாதான் தெரியும் அது எவ்வளவு ஒடுக்கம்னு, அதுல 27 மணி நேரம்னா... புத்தகத்துல படிச்சா எனக்கு இது உறைச்சிருக்காது.

நம்ம நாட்டுல முடியுமான்னு கேட்டா, முடியும், ஆனா நம்ம மழையும் புழுக்கமும் பெரிய எதிரி. ஒரு இடத்துல, எங்கன்னு சொல்லல, வெட்ட வெளியில நிக்கிற ஒரு பழைய விமானத்தைப் பாத்தேன், வருஷத்துக்கு ஒரு கோட்டிங் பெயிண்டு பூசிப் பூசி தண்ணி வடியிற ஓட்டையெல்லாம் அடைச்சு வச்சிருக்காங்க, வெளிய புதுசு மாதிரி, உள்ள தண்ணி தேங்கி நிக்குது. கூரை ஒண்ணு போட்டாலே பாதி வேலை முடிஞ்சுது. 1968ல நம்ம விமானப்படைக்கு வந்த நூரி ஹெலிகாப்டர், ஆஸ்திரேலியாக்காரன் நமக்குக் குடுத்த சேபர் ஜெட்டு, இதுல எல்லாம் கை வச்ச மெக்கானிக்ல நம்ம ஆளுங்களும் உண்டு, அவங்க இருக்கிறப்பவே கேட்டு எழுதி வச்சாதான் உண்டு.

சேரணும்னா ரொம்ப யோசிக்க வேணாம் தம்பி, நேரா போய்க் கேளுங்க, மூடின சப்பாத்து (ஷூ) போட்டுட்டுப் போங்க, முதல் மாசம் சுரண்டத்தான் விடுவாங்க, கோவிச்சுக்காதீங்க. இறுகிப் போன எஞ்சினைப் பலம் போட்டுச் சுத்தாதீங்க, பிளக்கைக் கழட்டி எண்ணெய் விட்டு வாரக் கணக்குல காத்திருங்க.

நான் திரும்பி வந்ததும் முதல் வேலையா அப்பாவோட ஸ்பேனர் செட்டைத் தேடுனேன். பழைய இரும்பு வாங்குற பெசி புரோக் லோரி மைக்ல கத்திக்கிட்டு வர்றப்போ எங்க வீட்டம்மா எடைக்குப் போட எடுத்து வச்சிருந்த மூட்டையில கிடந்துச்சு, 11 ஸ்பேனர், ரெண்டு காணோம். இரும்பு விலைக்கு இருபது வெள்ளி கூடத் தேறாது. அடுத்த மாசம் பேரனுக்குப் பொறந்த நாளு, மறுபடி பெர்த் போறோம், தோட்டத்து மண்ணு ஒட்டியிருந்தா அங்க ஏர்போர்ட்டுல பிரச்சினைன்னு மகள் சொன்னதால ஒவ்வொண்ணா சோப்புப் போட்டுக் கழுவித் தொடைச்சு வச்சிருக்கேன். முறுக்கு இருக்கிற பெட்டியில அதை வைக்கக் கூடாதுன்னு வீட்டம்மா ஒரே பிடிவாதம், அதனால நேத்துதான் பசார் மாலாம் ராத்திரிச் சந்தையில தனியா ஒரு பை வாங்குனேன்.