டி.எஸ். பாலையா: கேள்விகளும் பதில்களும்

நாடக மேடையில் தேறிப் படத்துக்கு வந்த குணச்சித்திர நடிகர்களில் இம்முறை டி.எஸ். பாலையா (1914–1972).

கேள்வி: அவர் முதலில் வில்லனா, சிரிப்பு நடிகரா?

வில்லன். எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’ (1936) முதல் படம். எம்.ஜி.ஆருக்கும் அதுதான் முதல் படம். ஆனால் அவருக்குச் சின்ன வேடம், பாலையாவுக்குக் கதையையே நகர்த்தும் வில்லன் வேடம். மறு ஆண்டு ‘அம்பிகாபதி’யில் தியாகராஜ பாகவதரோடு வாள் சண்டை. ‘மதுரை வீர’னில் (1956) நரசப்பன். இடையில் ‘தூக்குத் தூக்கி’யில் (1954) சேட்டாக வந்து கொச்சைத் தமிழ் பேசிச் சிரிக்க வைத்தார். கொட்டகையே கொண்டாடிய அப்பா வேடங்கள் பெரும்பாலும் பிறகு வந்தவை.

கேள்வி: ‘ஒரு நாள் போதுமா’ அவரே பாடியதா ஐயா?

இல்லை. ‘திருவிளையாட’லில் ஹேமநாத பாகவதராக வரும் பாலையா பாடுவதாக அமைந்த அந்தப் பாட்டுக்குக் குரல் எம். பாலமுரளிகிருஷ்ணா, வரிகள் கண்ணதாசன், இசை கே.வி. மகாதேவன்.

கேள்வி: நாடகத்திலிருந்து வந்தவர்கள் எல்லோருமே உரக்கப் பேசி மிகையாக நடித்தவர்கள். பாலையாவும் அப்படித்தானே?

இந்தப் பேச்சைக் கேட்டாலே எனக்கு வருத்தமாக இருக்கிறது. மைக் இல்லாத காலத்தில் கடைசி வரிசைக்கும் சொல் போய்ச் சேர வேண்டும். உரத்த குரல் அந்தத் தொழிலின் தேவை. சிறுவர்களை வைத்து நாடகம் போட்ட பாய்ஸ் கம்பெனிகளில் வாத்தியார் பாடத்தை மனப்பாடம் செய்ய வைத்து, உச்சரிப்பைத் திருத்திய பிறகே வேடம் தருவார். மகரக்கட்டு வந்து குரல் உடைந்தால், நேற்றுவரை பாடி நடித்த பையன் ஓரத்துக்குப் போக வேண்டியதுதான்.

ஆனால் மேடை இன்னொன்றையும் கற்றுக் கொடுத்தது. அங்கே நெருக்கக் காட்சி கிடையாது. ஒருவர் பேசும்போது எதிரே நிற்பவரும் முழு நேரமும் சபையின் கண்ணில் இருப்பார். அவர் சும்மா நின்றால் காட்சி படுத்துவிடும். எனவே கேட்பதும் நடிப்புதான் என்று சிறு வயதிலேயே உடம்பில் ஏறிவிடும்.

‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) மகனாக வரும் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் இடத்தைப் பாருங்கள். பேசுவதெல்லாம் நாகேஷ். பாலையாவுக்கு வசனமே இல்லை என்று சொல்லிவிடலாம். கண் மெல்ல அகல்கிறது, மூச்சு நிற்கிறது. பணமும் அதிகாரமும் உள்ள எஸ்டேட் முதலாளி, தான் பயப்படுவது மகனுக்குத் தெரிந்துவிடக் கூடாதே என்றும் பார்க்கிறார், பயந்தும் போகிறார். இதில் எங்கே இருக்கிறது உரத்த குரல்?

கேள்வி (அதே அன்பர்): அந்தக் காட்சியே நாகேஷுடையது. பாலையா வெறுமனே உட்கார்ந்திருக்கிறார்.

கேள்வி (இன்னொருவர்): பாலையா இல்லாவிட்டால் நாகேஷ் யாரிடம் கதை சொல்வார்?

இரண்டாமவர் பக்கம்தான் நான். ஒரு முறை நாகேஷை மட்டும் கவனியுங்கள். அடுத்த முறை பாலையாவை மட்டும். சிரிப்பு வெடிக்கும் இடங்கள் பெரும்பாலும் நாகேஷின் ஓசைக்கு அடுத்த கணத்தில், பாலையாவின் முகத்தில் விழுகின்றன. நாகேஷின் பெருமை இதனால் குறையாது. பந்தை எறிந்தவர் அவர். இயக்குநர் ஸ்ரீதரும் அதை அறிந்துதான் கேட்பவர் முகத்துக்கு அவ்வளவு நேரம் கொடுத்திருக்கிறார். இரண்டு நிமிடத் துணுக்கைப் பார்த்து எந்த நடிகரையும் எடை போடாதீர்கள். முழுப் படம் பாருங்கள்.

கேள்வி: ‘திருவிளையாட’லில் ஹேமநாத பாகவதருக்கு யார் குரல்?

மேலே சொல்லிவிட்டேன்.

கேள்வி: எம்.ஆர். ராதா பெரியவரா, பாலையா பெரியவரா?

இந்தத் தராசை நான் தொடுவதில்லை.

கேள்வி: பாலையா ஒரு படத்துக்கு எவ்வளவு வாங்கினார்?

சம்பளக் கணக்கு என் துறை இல்லை. நடிப்பைப் பற்றிக் கேளுங்கள்.

கேள்வி: ஹேமநாத பாகவதர் பாடுவது பாலையாவின் சொந்தக் குரல் என்கிறாரே நண்பர்?

பாலமுரளிகிருஷ்ணா. மூன்றாம் முறை சொல்கிறேன். முந்தைய பதில்களைப் படித்துவிட்டுக் கேளுங்கள். பாட்டைத் தாண்டிப் பாருங்கள் என்றுதான் கெஞ்சுகிறேன். இரவில் விறகு விற்பவராக வந்த சிவபெருமான் பாடுவது காதில் விழ, தன்னோடு போட்டிக்கு நிற்கும் பாடகர் பாணபத்திரர் வேண்டாமென்று ஒதுக்கிய ஆளே இப்படிப் பாடுகிறானா என்று பாகவதர் கலங்குகிறார். சபையில் நிமிர்ந்திருந்த அதே கழுத்து அங்கே எப்படித் தளர்கிறது என்று கவனியுங்கள். அந்தத் தளர்ச்சிக்குக் குரல் கொடுத்தவர் யாரும் இல்லை, அது முழுக்க பாலையாவுடையது.

கேள்வி: வில்லனாகவும் அப்பாவாகவும் இல்லாத பாலையாவைப் பார்க்க வேண்டும். எந்தப் படம்?

‘தில்லானா மோகனாம்பா’ளில் (1968) தவில் வித்துவான் முத்துராக்கு. நாதஸ்வரம் ஒலிக்கும்போது சிவாஜியை விட்டுவிட்டு அவர் பக்கம் பாருங்கள். அதற்கு முன்னால், அண்ணா எழுதிய ‘வேலைக்காரி’யில் (1949) கே.ஆர். ராமசாமிக்கு நண்பன் மணியாக வருகிறார். முதலில் அதைப் பாருங்கள்.